இமைக்காதவள்

அவள் செத்துப்போகாத படம் ஒன்றுகூட இல்லை. சில படங்களில் முதல் காட்சியிலேயே பிணமாகக் கிடப்பாள். சிலவற்றில் இடைவேளைவரை உயிரோடு இருப்பதாகப் பேச்சளவில் சொல்லப்படும். ஆனால் திரையில் வரும்போது செத்துத்தான் வருவாள். தண்ணீரில் மூழ்கியும், சுவருக்குள் வைத்துப் பூசப்பட்டும், பனிப்பெட்டிக்குள் மடங்கியும் அவள் செத்திருக்கிறாள். "சாவுறதுல அவ கைராசிக்காரி. அவ செத்தா படம் ஓடும்" என்று ஒரு தயாரிப்பாளர் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். ஓடும் என்றால் பெரிய ஓட்டம் ஒன்றுமில்லை. இரவல் வீட்டில், இரவல் விளக்குகளை வைத்து, பத்துப் பதினைந்து பேர் சேர்ந்து எடுக்கும் பேய்ப்படங்கள் அவை. பெரிய அரங்குகள் அவற்றைத் திரும்பிப் பார்க்காது. சின்ன அரங்குகளில் யாரும் வராத வேளைகளில் அவை ஓடும். ஆனால் வருகிறவர்கள் திரும்பத் திரும்ப வருவார்கள். வசனத்துக்கு முன்பே வசனத்தைச் சொல்வார்கள். அவர்கள் அவளுக்கு வைத்த பெயர்தான் 'இமைக்காதவள்'.

பெயருக்குக் காரணம் உண்டு. எத்தனை நீளமான ஷாட்டாக இருந்தாலும் அவள் கண் இமைக்காது, நெஞ்சு அசையாது. அதற்கு அவளிடம் ஒரு வித்தை இருந்தது. மற்றவர்கள் பிணமாக நடிக்கும்போது மூச்சை இழுத்துப் பிடித்துக்கொள்வார்கள். நெஞ்சு புடைத்து, தோள் தூக்கி, கொஞ்ச நேரத்தில் உடம்பே நடுங்கும். அவள் மூச்சை முழுக்க வெளியே விட்டுவிட்டு நிறுத்துவாள். அப்போது உடம்பு வீட்டுச் சாமான்களில் ஒன்றுபோலக் கிடக்கும். கண்ணை எதன்மேலும் வைக்கமாட்டாள். பார்க்கிற பொருளுக்குச் சற்று முன்னால் காற்றிலேயே நிறுத்திவிடுவாள். 'ஸ்டார்ட்' என்ற சொல் காதில் விழுந்ததும் இதெல்லாம் தானாக நடக்கும். பத்தொன்பது வருடப் பழக்கம்.

இத்தனை படங்களில் நடித்தும் தெருவில் அவளை ஒருவருக்கும் தெரியாது. முகத்தில் ஒன்று தலைமுடி விழுந்திருக்கும், இல்லையென்றால் சேறு, இல்லையென்றால் 'மாவு' செய்த முகமூடி. மாவு என்பது மேக்கப்காரரின் பட்டப்பெயர். பிளாஸ்டர் தூள் புருவத்திலும் காது மடலிலும் எப்போதும் ஒட்டியிருப்பதால் வந்த பெயர் அது. சொந்தப் பெயர் அவருக்கே மறந்துபோயிருக்கலாம். முதல் படத்துக்கு அவள் முகத்தில் பிளாஸ்டர் ஊற்றி அச்சு எடுத்தவர் அவர்தான். மூக்குத் துளைகளை மட்டும் விட்டுவிட்டு கண், வாய், காது எல்லாவற்றையும் மூடிவிடுவார்கள். உள்ளே ஒரே இருட்டு. வெளியே மாவு பேசிக்கொண்டே இருப்பார். அவளுக்கு ஒன்றும் கேட்காது என்று தெரிந்தும் பேசுவார். தாடையில் பட்ட அவர் விரல்களின் அதிர்விலிருந்து யாரோ பேசுகிறார்கள் என்பது மட்டும் தெரியும். அந்த அச்சில் வார்த்த வெள்ளைத் தலை இன்னும் அவருடைய பட்டறை அலமாரியில் இருந்தது. மாவு தன் தொப்பியை அதன்மேல்தான் கழற்றி வைப்பார்.

படம் இல்லாத நாட்களில் அவள் ஒரு சலவை நிலையத்தில் வேலை பார்த்தாள். துணிகளுக்கு எண் குத்துவது, நீராவி இஸ்திரிப் பெட்டி போடுவது, ரசீது கொடுப்பது. வீட்டில் ஒரு கட்டில், ஒரு மேசை, இரண்டு நாற்காலிகள். இரண்டாவது நாற்காலியில் மடித்த துணிகள் உட்கார்ந்திருக்கும். ஒருமுறை ரசிகர்கள் ஒரு சின்ன மண்டபத்தில் அவளை வரவழைத்தார்கள். ஒருவன் சேர்ந்து படம் எடுத்துக்கொள்ள வந்து நின்று, அவளை மேலும் கீழும் பார்த்தான். "அக்கா, கொஞ்சம் முடிய முன்னால போட்டுக்கிறீங்களா? இப்படி நின்னா நீங்கதான்னு யாரும் நம்பமாட்டாங்க" என்றான். போட்டுக்கொண்டாள். முடிக்குப் பின்னால் அவள் சிரித்துக்கொண்டிருந்தது படத்தில் விழவில்லை.

அவளுக்கு ஒரு தங்கை இருந்தாள். நகரின் மறுகோடியில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில், வருகிறவர்களின் ஒரு கண்ணை மூடிவிட்டு மறு கண்ணால் எழுத்துகளைப் படிக்கச் சொல்வது தங்கையின் வேலை. சின்ன வயதிலிருந்தே தங்கைக்குப் பேய்ப்படம் என்றால் குலை நடுங்கும்; ஆனால் பார்க்காமலும் இருக்கமாட்டாள். இரண்டு கைகளாலும் கண்ணைப் பொத்திக்கொண்டு, "அக்கா, தொறக்கலாமா?" என்று கேட்பாள். இவள் காவல். "இன்னும் இல்ல... இன்னும் இல்ல... ம், இப்ப தொற" என்பாள். அந்தக் காவலில் ஒருநாளும் பிசகியதில்லை.

பிசகியது இவளுடைய முதல் படத்தில். குளியல் தொட்டியில் தண்ணீருக்கடியில் கண் திறந்து கிடக்கும் காட்சி. நாள் முழுக்கக் குளிர்ந்த தண்ணீரில் கிடந்து எடுத்தது. அரங்கில் பக்கத்து இருக்கையிலிருந்த தங்கை வழக்கம்போலக் கேட்டாள், தொறக்கலாமா என்று. இவளுக்குப் பெருமை தாங்கவில்லை. "தொற, தொற! சீக்கிரம்!" என்றாள். தங்கை திறந்தாள். திரை முழுக்க அக்காவின் பிணம். எழுந்து வெளியே போய் அரங்கின் படியில் உட்கார்ந்தவள், படம் முடியும்வரை உள்ளே வரவில்லை. அதற்குப் பிறகு எந்தப் படத்துக்கும் வந்ததில்லை.

அதனால் உறவு அறுந்துவிடவில்லை. வாரம் ஒருமுறை போன் வரும். விலைவாசி, முதுகுவலி, தங்கையின் கணவர் குறட்டை, எல்லாம் பேசுவார்கள். படத்தை மட்டும் தங்கை 'அந்த வேலை' என்பாள். பிறகு அம்மா இறந்தபோது இவள் தலைமாட்டில் ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லாமல் நின்றிருந்தாள். அழ முயன்றும் வரவில்லை. சுற்றியிருந்தவர்கள் பார்க்கப் பார்க்க உடம்பு தானாக அடங்கிப்போனது. அன்று தங்கை சண்டை போடவில்லை. மெதுவாகத்தான் சொன்னாள்: "எனக்கு என்ன பயம்னா அக்கா, உனக்கு இது பழகிப்போச்சோன்னுதான்." அதன்பின் வாரம் ஒரு போன் மாதம் ஒரு போனாயிற்று.

அப்படியிருக்கையில் ஒரு காலை சலவை நிலையத்துக்கு ஒரு இளைஞன் வெறுங்கையோடு வந்து நின்றான்.

"துணி எங்க?" என்றாள்.

"துணி இல்லக்கா. நான் உங்க ரசிகன். படம் எடுக்கிறேன்."

"துணி குடுத்தாத்தான் தம்பி ரசீது. சும்மா நிக்காதீங்க, பின்னால ஆள் வருது."

பின்னால் ஆள் யாரும் இல்லை. அவன் சிரித்துவிட்டு, போட்டிருந்த கோட்டையே கழற்றி மேசைமேல் வைத்தான். அவளுக்கு அவனைப் பிடித்துப்போயிற்று.

"எப்படிச் சாகணும், சொல்லுங்க" என்றாள் எண்ணைக் குத்திக்கொண்டே.

"சாகலக்கா. தனியா ஒரு வீட்டுல இருக்கிற அம்மா நீங்க. கடைசி வரைக்கும் உயிரோட இருக்கீங்க."

"அப்ப செத்தது யாரு?"

"உங்க பொண்ணு. அது உங்களத் தேடி வருது. படம் பூரா உங்க முகம்தான். மேக்கப் வேணாம், முடியக் கட்டிக்கலாம்."

நீராவிப் பெட்டி புஸ்ஸென்று மூச்சு விட்டது. அவள் அதை நிறுத்த மறந்து நின்றாள்.

அன்று சாயங்காலம் அவளே தங்கைக்குப் போன் செய்தாள். "ஒரு படம் வந்திருக்கு. இதுல நான் சாகல."

அந்தப் பக்கம் ஏதோ கீழே வைக்கப்படும் சத்தம். பிறகு, "நிஜமாவா?"

"நிஜமாத்தான். முதல் சீன்லயே ஆரஞ்சு உரிச்சுச் சாப்பிடுறேன்."

"நீயா? உனக்குத்தான் புளிப்பு ஆகாதே. ஒரு சுளை வாயில போட்டா இடது கண்ணு மூடிக்குமே, கோழி தூங்குற மாதிரி."

"அது சின்ன வயசுல."

"நீ உயிரோட இருக்கிற மாதிரி இருந்தா நான் வரேன் அக்கா. அதப் பாக்கணும்னு ஆசையா இருக்கு. ஆனா ஏமாத்தக் கூடாது. கடைசில வந்து செத்துட்டன்னா, அப்புறம் என்ன எதுக்குமே கூப்பிடாத."

"ஏமாத்தமாட்டேன்" என்றாள் இவள்.

படப்பிடிப்பு, இயக்குநரான அந்த இளைஞனின் அத்தை வீட்டில். அத்தை தன் பூனையோடு மாடியில் இருந்துகொண்டு, கீழே ஏதாவது உருண்டால் மட்டும் எட்டிப் பார்ப்பாள். வெளியே நல்ல வெயில்; உள்ளே ஜன்னல்களுக்கெல்லாம் கறுப்புத் துணி கட்டிப் பகலை இரவாக்கியிருந்தார்கள். மேசை, விளக்கு, ஒரு தட்டில் ஆரஞ்சுப் பழங்கள். அவள் சொந்த முகத்தோடு வந்து உட்கார்ந்தாள். முகத்தில் காற்றுப் படுவதே கூச்சமாக இருந்தது.

"ஸ்டார்ட்" என்றான் இயக்குநர்.

அவள் மூச்சு முழுக்க வெளியே போய் நின்றது. கண் தட்டுக்கு முன்னால் காற்றில் தொங்கியது. பாதி உரித்த பழம் கையில் அப்படியே இருந்தது.

"கட். அக்கா, கொஞ்சம் அசையலாம்."

"ஐயோ, மன்னிச்சிடுங்க தம்பி. பழக்கதோஷம்."

மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் பிணம்தான். இம்முறை கை மட்டும் பழத்தை உரித்தது. அதற்கும் முகத்துக்கும் சம்பந்தமே இல்லாததுபோல. கேமராக்காரர் பல்லைக் கடித்துக்கொண்டு, "இதுவே பயமாத்தான் இருக்கு" என்றார். இமைக்கச் சொன்னார்கள். சொல்லி இமைத்தபோது, படுக்கவைத்தால் கண் மூடும் பொம்மைபோல இருந்தது. 'ஸ்டார்ட்' சொல்லாமலே எடுத்துப் பார்த்தார்கள். கேமரா ஓடும்போது அறையில் இருக்கிறவர்கள் மூச்சை அடக்கும் அந்தச் சின்ன அமைதியே அவளுக்குப் போதுமாக இருந்தது. அதைக் கேட்டதும் உடம்பு செத்துவிட்டது. இரண்டு நாட்களில் தட்டு நிறைய உரித்த பழங்கள் சேர்ந்தன. அத்தை அவற்றைப் பிழிந்து எல்லாருக்கும் கொடுத்தாள், இவள் வேண்டாமென்றாள்.

இரண்டாம் நாள் முடிவில் இயக்குநர் அவள் பக்கத்தில் வந்து தரையில் உட்கார்ந்தான். திட்டியிருந்தால்கூடத் தேவலை.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. கதைய லேசா மாத்திக்கலாம்னு தோணுது. அந்த அம்மாவும் ஏற்கெனவே செத்தவங்கதான்னு கடைசில தெரிய வர்ற மாதிரி. அப்ப நீங்க இப்படி இருக்கிறதே பொருந்திடும்."

"சூப்பர் திருப்பம்" என்றார் கேமராக்காரர், பெட்டியை மூடிக்கொண்டே.

அவள் மடியிலிருந்த பழத்தோலை விரலால் மடித்தாள், விரித்தாள். "நாளைக்கு ஒரு நாள் பாத்துடுவோம் தம்பி. அப்புறம் கொன்னுக்கங்க."

வீட்டுக்கு வந்து, வழியில் வாங்கிய ஆரஞ்சை மேசையில் வைத்து, எதிரே கைக்கண்ணாடியைச் சாய்த்து வைத்தாள். தனியாக இருக்கும்போது தான் எப்படி இருப்போம் என்று பார்க்க நினைத்தாள். கண்ணாடியைப் பார்த்த உடனே முகம் அடங்கிவிட்டது. கண்ணாடியைக் கவிழ்த்து வைத்தாள்; இப்போது உயிரோடு இருக்கிறாளா என்று தெரிந்துகொள்ள வழியில்லை. யாராவது பார்த்துச் சொல்லவேண்டும். சொல்ல ஆள் இல்லை. நாற்காலியில் துணிகள் உட்கார்ந்திருந்தன. போன் அடித்தது.

"எப்படிப் போகுது?" என்றாள் தங்கை. இத்தனை வருடத்தில் 'அந்த வேலை'யைப் பற்றி அவள் கேட்பது இதுதான் முதல் தடவை.

"நல்லாப் போகுது."

"உயிரோடதானே இருக்க?"

"இருக்கேன் இருக்கேன்."

"குரல் ஏன் ஒரு மாதிரி இருக்கு?"

"ஜூஸ் குடிச்சேன்" என்று பொய் சொன்னாள்.

மறுநாள் பேய் வரும் காட்சி. பேயாக வருவது ஒரு நடனக்காரி. சின்னப் பெண், முதல் படம். உடம்பு நன்றாக வளையும் என்று கூட்டிவந்திருந்தார்கள். வெளியூர் நிகழ்ச்சி ஒன்றிலிருந்து காலையில்தான் வந்து இறங்கினாள். அச்சு எடுக்க நேரமே கிடைக்கவில்லை. "அதெல்லாம் நான் பாத்துக்கிறேன்" என்று மாவு ஏற்கெனவே முகமூடியைச் செய்து முடித்திருந்தார். வழக்கம்போல பக்கத்து அறையில் கதவைச் சாத்திக்கொண்டு அவளுக்கு ஒட்டினார். முகமூடி கொஞ்சம் தளர்வாக இருப்பதாக நடனக்காரி முனகுவதும், "ஆடாதம்மா, பசை காயட்டும்" என்று மாவு அதட்டுவதும் சாத்திய கதவு வழியாகக் கேட்டது.

இவள் மேசையில் உட்கார்ந்தாள். பழத்தை எடுத்தாள்.

"ஸ்டார்ட்."

மூச்சு வெளியே போயிற்று. நின்றது. கதவு திறந்தது.

வாசலில் அவளே நின்றாள்.

சாம்பல் பூசிய முகம், கண்ணைச் சுற்றிக் கறுப்பு. ஆனால் அந்தக் கன்ன எலும்பு அவளுடையது. முகவாயில் லேசாகக் குழிவிழுந்த இடம் அவளுடையது. முதல் படத்துக்கு அச்சு எடுத்த அன்று இருந்த முகம். தங்கையைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு 'தொற, தொற' என்ற முகம். மாவுக்கு அது தொப்பி மாட்டுகிற தலை, அவ்வளவுதான். இருக்கிற தலையில் வார்த்திருக்கிறார். அது யாருடைய தலை என்பது அவர் ஞாபகத்திலேயே வந்திருக்காது.

இவள் அசையவில்லை. பயம் வரவில்லை. முகத்திலிருந்து பார்வை கீழே இறங்கியதும் வேறொன்று தெரிந்தது. அந்தப் பெண் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டிருந்தாள். வெள்ளை உடுப்புக்குள் நெஞ்சு புடைத்திருந்தது. தோள் இரண்டும் காதுவரை ஏறியிருந்தன. விரல் நுனிகள் நடுங்கின. இன்னும் கொஞ்ச நேரம் போனால் மயங்கி விழுந்துவிடுவாள். யாராவது வந்து போதும் என்று சொல்லும்வரை பிடித்துக்கொண்டே இருப்பாள்.

"மூச்ச விடும்மா" என்றாள் இவள்.

அந்தப் பெண் அசையாமல் நின்றாள்.

"விட்டுடு. எவ்வளவு நேரமா இப்படியே நிக்கிற. விட்டுடும்மா, ஒண்ணும் ஆகாது."

சொன்னபோதுதான் தன் நெஞ்சுக்குள் காற்று போவது அவளுக்கே தெரிந்தது. கண் எரிந்தது. இமைத்தாள், இன்னொரு தரம் இமைத்தாள். வாசலில் நின்ற உருவத்தின் தோள்கள் மெல்ல இறங்கின. முகமூடியின் வாய்ப்பிளவு வழியாக நீளமாக ஒரு காற்று வெளியே வந்தது. இவள் எழுந்து எதிர் நாற்காலியை இழுத்துப் போட்டாள். "வா. வந்து உக்காரு."

'கட்' என்று சொல்லும்வரை எதையும் நிறுத்தக்கூடாது என்று நடனக்காரிக்குச் சொல்லியிருந்தார்கள். இது காட்சியா இல்லையா என்று தெரியாமல் வந்து உட்கார்ந்தாள். இவள் பழத்தைப் பிட்டுப் பாதியை அவள் முன் வைத்தாள். மறுபாதியிலிருந்து ஒரு சுளையைத் தன் வாயில் போட்டுக்கொண்டாள். அறையில் எல்லாரும் மூச்சை அடக்கிக்கொண்டு நின்ற அந்த அமைதி இன்றைக்கு அவள் காதில் விழவில்லை.

நெடுநேரம் கழித்துத்தான் இயக்குநர் "கட்" என்றான். பக்கத்து அறை வாசலிலிருந்து மாவு எட்டிப் பார்த்து, முகமூடியையும் அவளையும் மாறி மாறிப் பார்த்து, பிளாஸ்டர் கையைத் தலையில் வைத்துக்கொண்டார். "ஐயையோ, உன் தலையா அது!"

"பத்திரமா வச்சிருக்கியே மாவு. அதுவரைக்கும் சந்தோஷம்" என்றாள் அவள்.

கேமராக்காரருக்கு மனம் ஆறவில்லை. "பேய் வந்து உக்காந்து பழம் சாப்பிட்டா எவன்டா பயப்படுவான்?"

"தெரியலண்ணா" என்றான் இயக்குநர். "பயப்படலன்னா போகட்டும். அக்கா உயிரோட இருக்காங்க, பாத்தீங்களா?"

படம் ஒரு சின்ன அரங்கில் மதிய வேளையில் திரையிடப்பட்டது. வழக்கமான ரசிகர்கள் வந்திருந்தார்கள். அவள் முடியைக் கட்டிக்கொண்டு அவர்கள் நடுவே புகுந்து போனாள், ஒருவரும் திரும்பவில்லை. ஓரத்தில் இரண்டு இருக்கைகள். ஒன்றில் உட்கார்ந்து மற்றதில் கைப்பையை வைத்தாள். "இங்க ஆள் இருக்கா?" என்று கேட்டவர்களிடமெல்லாம் "வராங்க" என்றாள். விளக்கு அணைந்தது. படம் தொடங்கியது. தங்கை வரவில்லை. முதல் ஆரஞ்சுக் காட்சி போயிற்று. இரண்டு நாட்கள் எடுத்ததில், 'கட்' சொன்னதும் அவளுக்கு உயிர் திரும்பிய துண்டு துணுக்குகளை இயக்குநர் பொறுக்கி ஒட்டியிருந்தான். பின்வரிசையில் ஒருவன், "ஏன் இன்னும் சாகல?" என்று கேட்டான். "பொறுடா, வரும்" என்றான் இன்னொருவன். அவள் கைப்பையின் வாரைச் சரிசெய்தாள்.

இருட்டில் யாரோ ஒருவர் பலருடைய கால்களை மிதித்துக்கொண்டு வந்தார். "மன்னிச்சுக்கங்க, மன்னிச்சுக்கங்க, கொஞ்சம் வழி விடுங்க." கைப்பை தூக்கப்பட்டு அவள் மடியில் வைக்கப்பட்டது. கண்ணாடி துடைக்கும் திரவத்தின் வாடை வீசியது.

"பஸ் கிடைக்கல" என்று கிசுகிசுத்தாள் தங்கை. "எதுவரைக்கும் போயிருக்கு?"

திரையில் கதவுப்பிடி மெல்லத் திரும்பியது. தங்கையின் இரண்டு கைகளும் கண்ணைப் பொத்திக்கொண்டன. மூச்சு வேகமாக வாங்கியது. கதவு திறக்கும் சத்தத்துக்கு அரங்கில் ஒருவன் கத்தினான்.

"அக்கா... தொறக்கலாமா?"

வாசலில் அந்த முகம் நின்றது.

"இன்னும் இல்ல."

"இப்ப?"

"இன்னும் இல்ல. இரு."

மூச்ச விடும்மா என்று அவளுடைய குரல் திரையிலிருந்து சொன்னது. தங்கையின் தோள் லேசாக அசைந்தது. விட்டுடு, ஒண்ணும் ஆகாது என்றது குரல். நாற்காலி இழுபடும் சத்தம் வந்தது. இவள் திரையைப் பார்க்கவில்லை. பக்கத்தில் இருந்த அந்தக் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒருதடவை தவறவிட்டிருந்தாள். இந்தத் தடவை அவசரப்படவில்லை. திரையில் பழம் பிளக்கும்வரை காத்திருந்தாள்.

"ம். இப்ப தொற."

"சத்தியமா?"

விரல்கள் ஒவ்வொன்றாக விலகின. வெளிச்சம் தங்கையின் முகத்தில் விழுந்தது. திரையில் ஒரு பெண், தலைமுடியைக் கட்டிக்கொண்டு, ஒரு சுளையை வாயில் போட்டாள். கொஞ்சம் மென்றாள். அவள் இடது கண் மட்டும் இறுக மூடிக்கொண்டது.

தங்கை சத்தமாகச் சிரித்துவிட்டாள். முன்வரிசைக்காரர் திரும்பி முறைத்தார். வாயைப் பொத்திக்கொண்டு, கண்ணைத் திரையிலிருந்து எடுக்காமல், அக்காவின் காதருகே சாய்ந்து கேட்டாள்:

"ரொம்பப் புளிப்பா அக்கா?"

"ரொம்ப" என்றாள் அவள்.